ஞாயிறு பத்து மணிக் குரல்

ஜனவரி 11

அன்புள்ள அக்காவுக்கு,

நான் நலம். நீயும் அப்பாவும் நலமாக இருப்பீர்கள் என்று நம்புகிறேன். என் கையெழுத்தைப் பார்த்ததும் யாருக்கு என்ன ஆயிற்றோ என்று பயந்திருப்பாய். ஒன்றும் ஆகவில்லை. இந்தச் சுற்றுப்பயணத்தில் எங்களுக்கு வாய்த்த விடுதிகள் எல்லாம் மட்டம். அறையில் போன் கிடையாது. வரவேற்பறையில் இருக்கும் ஒரே போனுக்கு எப்போதும் வரிசை. அதனால் கொஞ்ச நாளைக்கு ஞாயிறு பத்து மணிக்கு நான் கூப்பிட முடியாது என்று அப்பாவிடம் சொல்லிவிடு.

நிகழ்ச்சிகள் பிரமாதமாகப் போகின்றன. சைக்கிள் கடையின் பின்னறையில், டயர்களுக்கு நடுவில் பாடிக்கொண்டிருந்த நாங்கள் நாலு பேரா இவர்கள் என்று எனக்கே சில சமயம் சந்தேகம் வருகிறது. நேற்று 'எழுந்திரு' பாட்டில் அந்த உச்ச வரி வந்தபோது மைக்கைக் கூட்டத்தின் பக்கம் நீட்டினேன். மொத்த அரங்கமும் பாடியது. டிரம்ஸ் வாசிக்கும் நம் இடி, "உனக்கு இனிமே சம்பளம் எதுக்கு, டிக்கெட் வாங்கினவங்களே பாடறாங்க" என்றான்.

தொண்டை லேசாகக் கட்டியிருக்கிறது. குளிர்தான். அப்பாவிடம் அதைச் சொல்ல வேண்டாம்.

உன் முதுகுவலி எப்படி இருக்கிறது? வெந்நீர்ப் பையை அலமாரியில் வைத்துப் பூட்டாமல் பயன்படுத்து.

அன்புடன்,
வாலு


ஜனவரி 20

அன்புள்ள வாலுக்கு,

இங்கே இருவரும் நலம். முதுகு அப்படியேதான் இருக்கிறது. நீ நலமா என்பதை உன் கடிதத்திலிருந்து என்னால் முடிவுசெய்ய இயலவில்லை.

பரீட்சையில் அரைப் பக்கத்துக்கு மேல் எழுதாதவள் நீ. இப்போது இரண்டு பக்கம் எழுதியிருக்கிறாய். போன் இல்லாத விடுதி ஒன்று இருக்கலாம். வரிசையாக எல்லா ஊரிலும் அப்படியே அமைவது நடக்கக் கூடியதா என்று என் மாணவர்களிடம் கேட்டால்கூட உதட்டைப் பிதுக்குவார்கள். புள்ளியியல் கற்பிப்பவளுக்கு இப்படி எழுதுவதற்கு முன் கொஞ்சம் யோசித்திருக்கலாம்.

அப்பாவிடம் நீ சொன்னபடியே சொன்னேன். தலையாட்டினார். ஞாயிறு பத்து மணிக்கு முகம் கழுவி, சட்டை மாற்றிக்கொண்டு போன் பக்கத்தில் போய் உட்கார்ந்தார். அவர் காது இன்னும் மந்தமாகிவிட்டது. அத்தனை வருஷம் அச்சகத்தில் ராத்திரி வேலை, அந்த இயந்திரங்களின் சத்தம். உச்சத்தில் வரும் ஒலிகள் முழுக்கப் போய்விட்டன, கீழே இருப்பவைதான் கொஞ்சம் மிச்சம் என்கிறார் காது மருத்துவர். நான் வகுப்பறைக் குரலில் பேசினாலும் பாதிதான் அவருக்குப் போய்ச் சேருகிறது. நீ ஒருத்திதான் போனில் கத்து கத்தென்று கத்தி அவர் காதில் ஏற்றிவிடுவாய். அதனால்தான் அவருக்கு ஞாயிற்றுக்கிழமை என்றால் உயிர்.

தொண்டை கட்டியிருந்தால் கத்தாதே. நம் வீட்டில் பேசியது போலப் பேசு. அப்பா பகலெல்லாம் தூங்குவார் என்று நாம் இருவரும் சண்டையைக்கூடக் கிசுகிசுத்தே போட்டு வளர்ந்தவர்கள். அதில் தொண்டைக்கு வேலையே இல்லை. உனக்கும் அது மறந்திருக்காது.

வேளைக்குச் சாப்பிடு.

அக்கா


பிப்ரவரி 6

அன்புள்ள அக்காவுக்கு,

நலம் என்று எழுதப் பேனாவை எடுத்தேன். நீ உதட்டைப் பிதுக்குவது தெரிந்தது. எனவே, ஓரளவு நலம்.

விடுதிகளில் போன் இருக்கிறது. நான்தான் பேச முடியாமல் இருக்கிறேன். போன மாதம் ஒரு மாலை, மைக்கைச் சோதிக்கும்போது 'எழுந்திரு'வின் உச்சத்தைப் பிடித்தேன். குரல் வரவில்லை, காற்று வந்தது. சத்தம் இல்லாமல் வெறும் காற்று. ஒலிப்பதிவுக்காரர் மைக் கெட்டுவிட்டது என்று நினைத்து வேறு மைக் கொண்டுவந்து வைத்தார். நானும் ஆமாம் என்பதுபோல் நின்றேன்.

நீ சொன்னபடி நாள் முழுக்கக் கிசுகிசுவென்றுதான் பேசுகிறேன். நீ சொல்வதற்கு முன்பே அப்படித்தான். வாய் தானாகப் பழைய வீட்டுக்குப் போய்விட்டது. குழுவில் எல்லோருக்கும் சிரிப்பு. இடி எனக்கு 'உளவுத்துறை' என்று பெயர் வைத்திருக்கிறான். நான் தண்ணீர் கேட்டால் அவன் நாலு பக்கமும் பார்த்துவிட்டு, "யாரும் பார்க்கல, குடி" என்று கொடுக்கிறான். மேடையில் சமாளித்துவிடுகிறேன். உச்ச வரி வந்தால் மைக்கை நீட்டிவிடுகிறேன்.

ஏப்ரல் 12-இல் விளையாட்டரங்கத்தில் நிகழ்ச்சி. மேலாளர் அதை அப்படியே ஒலிநாடாவாக வெளியிடப்போகிறார். இத்தனை வருஷம் இதற்காகத்தானே காத்திருந்தோம். அதுவரை கிசுகிசுத்தே ஓட்டிவிட்டால் அன்றைக்கு முழுக் குரலும் வரும். மருத்துவர் எல்லாம் தேவையில்லை.

அப்பா சட்டை மாற்றிக்கொண்டு உட்கார்ந்தார் என்று எழுதியிருந்தாய். அதை எழுதாமல் இருந்திருக்கலாம்.

வாலு


பிப்ரவரி 15

வாலுக்கு,

நலம் விசாரிப்பதை மருத்துவரைப் பார்த்துவிட்டு வந்த பிறகு வைத்துக்கொள்வோம்.

பத்திரிகையில் உன் நிகழ்ச்சிகளைப் பற்றி வந்தவற்றை எடுத்து வைத்திருக்கிறேன். நான் உன் பாட்டை ரசிப்பவள் இல்லை என்று உனக்குத் தெரியும். 'எழுந்திரு' என்பதைப் பாட்டு என்பதைவிட, பகலில் தூங்கிய நம் அப்பாமேல் நீ கொடுத்த புகார் என்றுதான் நான் எப்போதும் நினைத்திருக்கிறேன். ஆனாலும் எழுதியிருப்பதைப் படிக்கிறேன். டிசம்பரில், 'ஒரு வரியை ரசிகர்களுக்குக் கொடுத்தார்' என்று எழுதினார்கள். ஜனவரியில் 'ஒரு சரணத்தை'. போன வாரம், 'தன் பாட்டுகளையே மக்களிடம் ஒப்படைத்துவிட்ட பெருந்தன்மை' என்று எழுதியிருக்கிறார்கள். எனக்கு அதில் பெருந்தன்மை தெரியவில்லை. நீ எட்ட முடியாத இடங்கள் கூடிக்கொண்டே போவது தெரிகிறது.

நல்ல தொண்டை மருத்துவராகப் பார். நாளைக்கே போ. சுற்றுப்பயணத்தைச் சாக்குச் சொல்லாதே.

அப்பாவிடம், நீ ஒலிப்பதிவில் இருக்கிறாய், அங்கே போன் பேச அனுமதி இல்லை என்று சொல்லியிருக்கிறேன். "ரெக்கார்டிங்ல இருக்கறவளுக்கு ஞாயித்துக்கிழமைகூட லீவு இல்லையா?" என்று கேட்டார். இல்லை என்றேன். பொய் சொல்வது எனக்கு இத்தனை சுலபமாக வரும் என்று நினைக்கவில்லை.

அக்கா


மார்ச் 3

அன்புள்ள அக்காவுக்கு,

உனக்கும் அப்பாவுக்கும் சுகம்தானே. நான் போய்ப் பார்த்துவிட்டு வந்தேன்.

மருத்துவர் உன் வயதுக்காரர். உன்னைப் போலவே கண்ணாடிக்கு மேலே பார்க்கிறார். தொண்டைக்குள் சின்னக் கண்ணாடியை விட்டுப் பார்த்தார். குரல் நாணில் ஒரு கட்டி, அதில் ரத்தக் கசிவு. பிறகு நடந்ததை அப்படியே எழுதுகிறேன்.

"குரலுக்கு ஓய்வு கொடுத்தீங்களா?"

கொடுத்தேன் என்று கிசுகிசுத்தேன்.

"எப்படி?"

இப்படித்தான் என்று கிசுகிசுத்தேன். ரெண்டு மாசமா இப்படித்தான் பேசறேன்.

பேனாவை மேஜைமேல் வைத்துவிட்டார். "இது ஓய்வுன்னு உங்களுக்கு யாரு சொன்னது?"

எங்கள் வீட்டுப் பழக்கம் என்றேன். நான் ஓய்வு என்று நினைத்தது ஓய்வே இல்லையாம். இப்படி அழுத்திக் கிசுகிசுப்பது, சாதாரணமாகப் பேசுவதைவிட மோசமாம். சரியாகச் சாத்தாத கதவை நாளெல்லாம் இழுத்துப் பிடித்துக்கொண்டே நிற்பது மாதிரி என்றார். "சும்மா பேசியிருந்தாகூட இவ்வளவு ஆகியிருக்காதும்மா."

இனி ஒரு சத்தமும் கூடாது. கசிவு கொஞ்சம் வற்றிய பிறகு அறுவைச் சிகிச்சை. அதற்குள் ஒரே ஒரு தடவை உச்சத்தில் பாடினாலும் தழும்பாகிவிடும், பழைய குரல் திரும்பாது என்கிறார். ஏப்ரல் 12-ஐப் பற்றிச் சொன்னேன், காகிதத்தில் எழுதித்தான். படித்துவிட்டுத் திருப்பிக் கொடுத்தார்.

குழுவில் யாருக்கும் இன்னும் தெரியாது.

அக்கா, நீ எழுதினாய் என்பதற்காக நான் கிசுகிசுக்கவில்லை. அதற்கு முன்பே ஆரம்பித்துவிட்டேன். இதை நீ மனதில் வைத்துக்கொள்ள வேண்டும்.

வாலு


மார்ச் 9

வாலுக்கு,

அப்பா நலம். உன் கடைசி வரியை மனதில் வைத்துக்கொண்டேன். அதைப் பற்றி மேலே ஒன்றும் எழுதப்போவதில்லை.

ஏப்ரல் 12-இல் நீ பாடக் கூடாது. நீ பாடினால் அன்றைய மாலை மிஞ்சும், பாடாவிட்டால் குரல் மிஞ்ச வாய்ப்பிருக்கிறது. இரண்டையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்துப் பார்க்க உனக்குப் பட்டப் படிப்பு தேவையில்லை. மேலாளரிடம் சொல்லப் பயமாக இருந்தால் முதலில் இடியிடம் சொல். சைக்கிள் கடையிலிருந்து உன்னோடு இருப்பவன். கேலி பேசுகிறவன்தான், ஆனால் அம்மா போனபோது பேசாமல் வந்து நாற்காலிகளைத் தூக்கிப் போட்டவன் அவன்தான்.

உடனே பதில் எழுது.

அக்கா


மார்ச் 28

வாலுக்கு,

பதில் வரவில்லை. நலமாக இருப்பாய் என்று நினைக்க முயல்கிறேன்.

இரண்டு தடவை விடுதிக்குப் போன் செய்தேன். "மேடம் வெளியே போயிருக்காங்க" என்றார்கள். போனை எடுத்து நீ என்னதான் செய்திருக்க முடியும் என்று வைத்த பிறகுதான் உறைத்தது. என் புத்தி அந்த நிலையில் இருக்கிறது.

போன வாரம் நான் கல்லூரியில் இருந்தபோது அப்பா லைன்மேனை வரவழைத்துவிட்டார். போன் கெட்டுவிட்டது, யார் கூப்பிட்டாலும் அடிப்பதில்லை என்று புகார். அவர் வந்து சோதித்து, "நல்லாத்தான் இருக்கு ஐயா" என்றிருக்கிறார். "நல்லா இருந்தா அடிக்கணுமே?" என்று அப்பா. பாவம் அந்த மனிதர், எதிர்க்கடைக்குப் போய் அங்கிருந்த போனிலிருந்து நம் எண்ணுக்குக் கூப்பிட்டு, மணி அடிப்பதைக் காட்டிவிட்டுப் போயிருக்கிறார். அப்பா எடுத்து, கொஞ்ச நேரம் காதில் வைத்துக்கொண்டே இருந்தாராம். பக்கத்து வீட்டுக்காரி சொன்னாள்.

எங்கள் தெருச் சுவரிலும் உன் போஸ்டர் ஒட்டிவிட்டார்கள். வாய் திறந்திருக்கிறது. பேருந்துக்கு நிற்கும்போது அதைப் பார்க்காமல் இருக்க எதிர்ப்பக்கம் திரும்பி நிற்கிறேன்.

12-ஆம் தேதி எனக்குப் பரீட்சைக் கண்காணிப்பு. மாற்றிக் கொடுத்துவிட்டேன்.

ஒரு வரியாவது எழுது.

அக்கா


ஏப்ரல் 2

அக்காவுக்கு,

உயிரோடு இருக்கிறேன்.

இடியிடம் சொன்னேன். குழந்தைகள் சிலேட்டு ஒன்று வாங்கி, அதில் எழுதிக் காட்டினேன். படித்துவிட்டு அவன் கேலி பேசவில்லை. அதுதான் எனக்குப் பயமாக இருந்தது. அவனே மேலாளரிடம் போய்ச் சொன்னான். மேலாளர் மறுநாளே ஒரு புதுப் பெண்ணைக் கூட்டிக்கொண்டு வந்து நிறுத்தினார். சின்னப் பெண், மரியாதை தெரிந்தவள். 'எழுந்திரு'வைப் பாடினாள். அக்கா, அவள் என்னைவிட நன்றாக என்னைப்போலப் பாடுகிறாள். நான் மூச்சு விடும் இடத்தில்கூட மூச்சு விடுகிறாள். பாடி முடித்துவிட்டு, "தப்பு ஏதாவது இருந்தா சொல்லுங்க மேடம்" என்றாள். நான் சிலேட்டைத் துடைத்து வைத்துவிட்டேன்.

12-ஆம் தேதி நான் பாடாவிட்டால் அவள் பாடுவாள். குழுவின் பெயர் எங்கள் நாலு பேருக்கும் பொது. எனக்கென்று தனியாக ஒரு பாத்தியதையும் இல்லை. ஒரு மாலை இன்னொருத்தி அங்கே நின்றுவிட்டால் பிறகு அந்த இடம் அவளுடையதுதான்.

நான் பாடப்போகிறேன். நீ வராதே. நீ பார்த்துக்கொண்டிருந்தால் எனக்கு வராது.

அப்பாவைப் பார்த்துக்கொள்.

வாலு


ஏப்ரல் 16

அன்புள்ள வாலுக்கு,

அப்பாவுக்கு லேசான சளி, வேறொன்றும் இல்லை. நான் வந்திருந்தேன்.

வராதே என்று நீ எழுதிய பிறகு வந்ததால் மேடைப் பின்பக்கம் வரவில்லை. கடைசி வரிசைக்கும் பின்னால், தண்ணீர்த் தொட்டிக்குப் பக்கத்தில் நின்றேன். என்னைச் சுற்றி என் மாணவர்கள் வயதுப் பிள்ளைகள். ஒரு பெண், "ஆன்ட்டி, உங்களுக்கு மேடை தெரியுதா? நான் வேணா நகர்ந்துக்கறேன்" என்றாள். தெரிந்தது.

முதல் பாட்டுகளை எல்லாம் கீழ்க்குரலில் கொண்டுபோனாய். கூட்டம் அதைப் புது பாணி என்று எடுத்துக்கொண்டது. உன் கழுத்து நரம்பு புடைப்பது அவ்வளவு தூரத்திலிருந்து தெரியாது. தெரிந்ததாக எனக்குத் தோன்றியது. பிறகு 'எழுந்திரு'. மைக்கைத் தாங்கியோடு கூட்டத்தின் பக்கம் திருப்பி வைத்துவிட்டுத் தள்ளி நின்றாய். இடி மட்டும் அடித்துக்கொண்டிருந்தான். மொத்த அரங்கமும் பாடியது. நானும் வாயை அசைத்தேன் என்று நினைக்கிறேன், சொற்கள் எனக்குத் தெரிந்திருந்தன. உச்சம் வந்தபோது நீ தலையை நிமிர்த்தி வாயைத் திறந்தாய்.

நீ பாடினாயா? அந்தச் சத்தத்தில் என்னால் உன் குரலைப் பிரித்தெடுக்க முடியவில்லை. நாலு நாளாக இதைத்தான் யோசித்துக்கொண்டிருக்கிறேன். வகுப்பில் பாதிக் கணக்கில் சாக்பீஸோடு நின்றுவிட்டேன். வெறுமனே வாயை மட்டும் திறந்தாய் என்று எழுது.

அக்கா


மே 9

அன்புள்ள அக்காவுக்கு,

நான் நலம் என்று இங்கே எல்லோரும் சொல்கிறார்கள். அப்பாவுக்குச் சளி விட்டதா?

பாடினேன். நீ கேட்டது போல எழுத ஆசைதான், ஆனால் பாடினேன். மைக் என் பக்கம் இல்லை, யாருக்கும் கேட்காது என்று தெரியும். அது வருகிறதா என்று எனக்கே ஒரு தடவை பார்த்துக்கொள்ள வேண்டியிருந்தது. வந்தது, முழுசாக வந்தது. பிறகு ஏதோ துணி கிழிந்தது போல இருந்தது. அவ்வளவுதான். ஒலிநாடாவைப் போட்டுக் கேட்டேன், அதில் கூட்டம்தான் இருக்கிறது.

மருத்துவர் என்னைத் திட்டவில்லை. "எப்போ பாடினீங்க?" என்று மட்டும் கேட்டார். அறுவைச் சிகிச்சை முடிந்துவிட்டது. தழும்பு தங்கும், பேச்சு வரும், பாட்டைப் பற்றி இப்போது கேட்காதீர்கள் என்றார்.

புதுப் பெண் குழுவில் சேர்ந்துவிட்டாள். இடி தினமும் ரொட்டி வாங்கி வருகிறான். நான் பேசக் கூடாது என்பதால் எனக்கும் சேர்த்து அவனே பேசி, அவனே சண்டை போட்டு, அவனே கோபித்துக்கொண்டு போகிறான். மறுநாள் வருகிறான்.

நீ வந்து நின்றது எனக்குத் தெரியாது. தெரிந்திருந்தாலும் பாடியிருப்பேன் என்று நினைக்கிறேன்.

வாலு


ஜூன் 22

அன்புள்ள அக்காவுக்கு,

நீங்கள் இருவரும் சுகம்தானே. பேச அனுமதி கிடைத்துவிட்டது. கொஞ்சம் கொஞ்சமாக, சாதாரணமாக, கிசுகிசுக்காமல். புதுக் குரல் ரொம்பக் கீழே இருக்கிறது, மரப்பெட்டியை இழுத்தாற்போல. இடி கேட்டுவிட்டு, "இதுக்கு நான் குச்சியை வெச்சிட்டு, மெதுவா சத்தம் வர்ற பிரஷ்ஷால வாசிக்கணும் போலிருக்கே" என்றான். கேலியா, யோசனையா என்று தெரியவில்லை. நானும் கேட்கவில்லை.

நேற்று ஞாயிறு. பத்து மணிக்குக் கூப்பிட்டேன். நீ எடுப்பாய், முதலில் உன்னிடம் பேசிப் பழகிக்கொள்ளலாம் என்று நினைத்தேன். நீ கடைக்குப் போயிருந்தாய் போல. முதல் மணியிலேயே அப்பா எடுத்துவிட்டார்.

"அப்பா, எப்படி இருக்கீங்க?" என்றேன். கத்த முடியாதே, மெதுவாகத்தான்.

"நல்லா இருக்கேம்மா. நீங்க யாரு பேசறது? எந்த நம்பர் வேணும்?"

நான்தாம்பா என்றேன். நான்தான் என்றால் யாருக்குத் தெரியும். எனக்கு அதற்குமேல் வரவில்லை. அவர் கொஞ்சம் பொறுத்துப் பார்த்துவிட்டு ரொம்ப மரியாதையாகச் சொன்னார். "தப்பா நினைச்சுக்காதீங்கம்மா. இது எங்க சின்னப் பொண்ணு போன் பண்ற நேரம். அவ பாடறவ, அவளுக்கு நேரம் கிடைக்கறதே பெரிசு. லைனைக் கொஞ்சம் விட்டுடுங்க."

சரிங்க என்று வைத்துவிட்டேன்.

அக்கா, மறுபடி கூப்பிடவா, வேண்டாமா?

வாலு


ஜூன் 26

அன்புள்ள வாலுக்கு,

இருவரும் நலம். உன் கடிதம் வருவதற்கு முன்பே எனக்கு விஷயம் தெரியும். ஞாயிறன்று நான் பையை இறக்கி வைப்பதற்குள் அப்பா சொன்னார்: "யாரோ ஒரு அம்மா பேசினாங்க, தப்பான நம்பர். ஆனா ஒண்ணு தெரியுமா, அவங்க சொன்னது ஒரு வார்த்தை விடாம எனக்குக் கேட்டுது. சத்தமே போடல." காது சரியாகிவிட்டது என்று அவருக்கு ஏக மகிழ்ச்சி. அன்று மாலை வரை என்னைப் பேசச் சொல்லிச் சோதித்தார். நான் பேசியது கேட்கவில்லை.

அது நீதான் என்று ஊகித்தேன், உன் கடிதம் வரட்டும் என்று பொறுத்தேன். இன்று உன் கடிதம் வந்ததும் பெரிய எழுத்தில் எழுதிக் காட்டினேன்: அது வாலுதான். குரலில் அறுவைச் சிகிச்சை ஆகியிருக்கிறது.

வெகுநேரம் படித்தார். "அவ கத்துவாளே?" என்றார்.

இனி கத்த மாட்டாள் என்று எழுதினேன். காகிதத்தை மடித்துச் சட்டைப் பையில் வைத்துக்கொண்டார். சாப்பிடும்போது, என்னைப் பார்க்காமல், "நான்தான் வெக்கச் சொல்லிட்டேன்" என்றார். மத்தியானம் படுத்தவர் தூங்கவில்லை, கண் திறந்தே இருந்தது. எனக்கும் ஒன்றும் ஓடவில்லை. பழக்க தோஷத்தில் பாத்திரங்களைச் சத்தமில்லாமல் எடுத்து வைத்தேன்.

மறுபடி கூப்பிடு. இந்த ஞாயிறே கூப்பிடு. நான் வேண்டுமென்றே கடைக்குப் போய்விடுவேன், போனை அவர்தான் எடுப்பார். பழைய குரலுக்கு முயலாதே, கீழே இருக்கும் இதே குரலில் பேசு. ஆனால் எடுத்ததும் நீ யார் என்று முதலில் சொல்லிவிடு. கொஞ்ச நாளைக்கு எல்லோரிடமும் அப்படித்தான் சொல்ல வேண்டியிருக்கும்.

உடம்பைப் பார்த்துக்கொள்.

அக்கா